பதிவேட்டை எழுதியவரே படித்துச் சொல்லட்டும்

சற்று நீண்ட பதிவு. பொறுமையுடன் வாசிக்க வேண்டுகிறேன்.

2025 நவம்பர் 7 அன்று உச்ச நீதிமன்றம் ‘சமீவுல்லா எதிர் பீகார் மாநிலம்’ என்னும் வழக்கில் தீர்ப்பு வழங்கியது. வருவாய்த்துறைப் பதிவேட்டில் விற்பவர் பெயரில் நிலம் இருப்பதற்கான சான்றைக் காட்டாவிட்டால் கிரயப் பத்திரத்தைப் பதிவு செய்ய மறுக்கலாம் என்று பீகார் அரசு 2019இல் விதிகள் கொண்டுவந்திருந்தது. பாட்னா உயர் நீதிமன்றம் 2024 பிப்ரவரியில் அவ்விதிகளை ஏற்றது. உச்ச நீதிமன்றம் நீக்கியது. பதிவுச் சட்டத்தின் எந்தப் பிரிவு அரசுக்கு எந்த அளவு அதிகாரம் தருகிறது என்று சட்டம் படித்த நண்பர்கள் விரிவாக எழுதிவிட்டார்கள். மொழியியல் படித்தவர்கள் பேச வேண்டிய பகுதி ஒன்று அவ்வழக்கின் பின்னணியில் இருக்கிறது. அதை யாரும் பேசவில்லை என்பதால் இதை எழுதுகிறேன்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நிலப் பதிவேட்டை எழுதியது அரசு. எந்த எழுத்தில், எந்தக் கலைச்சொற்களால் எழுதுவது என்று முடிவு செய்ததும் அரசு. ஆனால் அந்தப் பதிவேட்டைப் புதுப்பிக்கும்போது, பழைய ஏட்டைத் தேடி எடுத்து, படிக்க ஆள் பிடித்து, பொருள் கண்டு, பிழை இருந்தால் அதை மெய்ப்பிக்கும் சுமை முழுவதும் உழவரின் தலையில் விழுகிறது. இந்தியாவின் நிலப் பதிவு வழக்குகளில் பெரும்பாலானவற்றை ஏழைகள் தோற்பது இந்த இடத்தில்தான் தொடங்குகிறது என்று கருதுகிறேன். அச்சுமை அரசின் பக்கம் மாற்றப்பட வேண்டும்.

1. சொற்கள்

ஒருவர் இறந்தாலோ நிலத்தை விற்றாலோ வருவாய்ப் பதிவேட்டில் பழைய பெயரை நீக்கிப் புதிய பெயரைச் சேர்ப்பதை நாம் பட்டா மாறுதல் என்கிறோம். பீகாரிலும் உத்தரப் பிரதேசத்திலும் இதற்குப் பெயர் ‘தாக்கில் காரிஜ்’. அரபு மூலமுடைய இவ்விரு சொற்களுக்கும் உள்ளே வருதல், வெளியே போதல் என்று பொருள். கேரளத்தில் இதே செயலைப் ‘போக்குவரவு’ என்கிறார்கள். தொடர்பில்லாத இரு மொழிக் குடும்பங்களின் சொற்கள் ஒரே உருவகத்தில் வந்து சேர்ந்திருப்பது வியப்புக்குரியது. ஒருவர் போகிறார், ஒருவர் வருகிறார். நிலம் அங்கேயே இருக்கிறது. பஞ்சாபிலும் அரியானாவிலும் இதன் பெயர் ‘இன்திகால்’. கைமாறுதல் என்பது அதன் பொருள். உருது பேச்சில் அதே சொல்லுக்கு இறப்பு என்றும் பொருள் உண்டு.

‘ஜமாபந்தி’ இன்னும் சிக்கலானது. தமிழ்நாட்டில் ஜமாபந்தி என்றால் ஆண்டுதோறும் வட்டாட்சியர் அலுவலகங்களில் நடக்கும் கிராமக் கணக்குத் தணிக்கை. வருவாய்த் தீர்வாயம் என்று அரசாணைத் தமிழில் எழுதுவோம். அது ஒரு நிகழ்வு. பஞ்சாப், அரியானாவில் ஜமாபந்தி என்பது ஐந்தாண்டுக்கு ஒருமுறை திருத்தி எழுதப்படும் உரிமைப் பதிவேடு. பீகாரில் அது ஒரு குடியானவர் பெயரில் திறக்கப்பட்ட வரிக் கணக்கு. யார் எவ்வளவு நிலத்துக்கு எவ்வளவு தீர்வை செலுத்துகிறார் என்பதைச் சொல்லும் பக்கம். சொல் ஒன்று, பொருள் மூன்று. ‘ஒரே நாடு ஒரே நிலப்பதிவு’ என்று பேசுவோர் முதலில் இதைக் கவனிக்க வேண்டும். மென்பொருளில் ஒரு கட்டத்துக்கு ‘ஜமாபந்தி’ என்று தலைப்பிடுவது எளிது. அக்கட்டத்துக்குள் மாநிலத்துக்கு மாநிலம் எதை இடுகிறார்கள் என்பது வேறு.

2. சட்டம் சொல்வதும் வாழ்க்கை சொல்வதும்

வருவாய்ப் பதிவேட்டில் பெயர் இருப்பதால் மட்டும் ஒருவர் நிலத்தின் உரிமையாளர் ஆகிவிடமாட்டார். இது புதிய கருத்து அன்று. பெயர் மாற்ற நடவடிக்கைகள் உரிமையைத் தீர்மானிப்பவை அல்ல என்று 1926இலேயே பிரிவி கவுன்சில் கூறியது. 1996இல் சவர்ணி வழக்கிலும், 2021இல் ஜிதேந்திர சிங் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் அதையே உறுதி செய்தது. பதிவேடு வரி வசூலுக்கானது. உரிமை பற்றிய தகராறை உரிமையியல் நீதிமன்றமே தீர்க்க வேண்டும். நூறாண்டாக மாறாத நிலைப்பாடு இது.

ஆனால் நீதிமன்றத்துக்கு வெளியே வந்தால் நிலைமை தலைகீழாக இருக்கிறது. பயிர்க்கடன் கேட்டால் வங்கி பார்ப்பது பதிவேட்டை. ஆண்டுக்கு 6,000 ரூபாய் தரும் பிரதமரின் உழவர் நிதியுதவிக்கும் பதிவேட்டில் பெயர் வேண்டும். சாலைக்காக நிலம் எடுத்தால் இழப்பீட்டு அறிவிப்பு பதிவேட்டில் உள்ள பெயருக்கே வரும். சட்டப்படி உரிமையைத் தராத ஒரு பதிவு, உரிமையின் பயன்கள் அனைத்தையும் தருகிறது, அல்லது மறுக்கிறது.

மொழியியல் மாணவர்கள் ஜே. எல். ஆஸ்டினைப் படித்திருப்பார்கள். உலகில் உள்ளதை விவரிக்கும் கூற்று ஒன்று. கூறுவதாலேயே ஒரு செயலைச் செய்துவிடும் கூற்று மற்றொன்று. நிலப் பதிவேடு தன்னை முதல் வகை என்கிறது: ‘இந்நிலத்தை இன்னார் அனுபவித்து வருகிறார்’ என்று விவரிப்பதாகச் சொல்கிறது. நடைமுறையில் அது இரண்டாம் வகையாக வேலை செய்கிறது. பிழையாக எழுதினாலும் அச்செயல் நடந்துவிடுகிறது.

இதற்கு உத்தரப் பிரதேசத்து அசம்கர் மாவட்டத்தின் லால் பிஹாரியை விடப் பெரிய சான்று இல்லை. 1970களின் நடுவில் வங்கிக் கடனுக்காகச் சென்றவர், வருவாய்ப் பதிவேட்டின்படி தாம் இறந்துவிட்டதாக அறிந்தார். உறவினர்கள் அவரை இறந்தவராகக் காட்டி அவர் பங்கைத் தங்கள் பெயருக்கு மாற்றிக்கொண்டிருந்தனர். தாம் உயிருடன் இருப்பதை அரசுக்குப் புரியவைக்க அவர் செய்யாத முயற்சி இல்லை. தம் பெயருடன் ‘மிருதக்’, அதாவது இறந்தவர், என்று சேர்த்துக்கொண்டார். 1989இல் அமேதியில் ராஜீவ் காந்தியை எதிர்த்துத் தேர்தலில் நின்றார்; வேட்பாளராவதற்கு உயிர் வேண்டுமே. தம்மைப் போன்றோரைத் திரட்டி இறந்தோர் சங்கம் அமைத்தார். 1994இல்தான் பதிவேடு அவரை உயிர்ப்பித்தது. 2003இல் அவருக்கு நகைச்சுவை நோபல் எனப்படும் இக்நோபல் விருது கிடைத்தபோது உலகம் சிரித்தது. கவனிக்க வேண்டியது ஒன்றுதான். இறப்பைப் பதிவு செய்ய எந்தச் சான்றும் தேவைப்படவில்லை. உயிரைப் பதிவு செய்ய ஏறத்தாழ இருபது ஆண்டுகள் தேவைப்பட்டன. எழுதுவது எளிதாகவும் திருத்துவது அரிதாகவும் இருக்கும் ஏடு, எழுதுகோலை அணுகக்கூடியவரின் கருவியாகவே இருக்கும்.

3. கைத்தி எழுத்து

இப்போது பீகாருக்கு வருவோம். அங்கே 1890களில் தொடங்கி இருபதாம் நூற்றாண்டின் முதல் பத்தாண்டுகள் வரை ஆங்கிலேய அரசு வயல்வாரியாக அளந்து ‘கதியான்’ எனப்படும் உரிமைப் பதிவேட்டை உருவாக்கியது. குடியானவர் பெயர், தந்தை பெயர், சாதி, ஊர், மனை எண், நான்கெல்லை, பரப்பு, நிலத்தின் வகை, தீர்வை எல்லாம் அதில் இருக்கும். இவ்வேடுகளில் மிகப்பல கைத்தி எழுத்தில் அமைந்தவை.

கைத்தி என்பது கணக்கெழுதும் சமூகத்தாரான காயஸ்தரின் பெயரால் அமைந்த எழுத்துமுறை. போஜ்புரி, மகஹி, மைதிலி, அவதி, உருது எனப் பல மொழிகள் அதில் எழுதப்பட்டன. தேவநாகரியில் எழுத்துகளின் மேல் ஓடும் தலைக்கோடு கைத்தியில் இராது; அதனால் விரைந்து எழுதலாம். 1880களில் பீகார் நீதிமன்றங்களில் பாரசீக எழுத்துக்குப் பதிலாகக் கைத்தி அரசேற்புப் பெற்றது. கிரியர்சன் இவ்வெழுத்துக்கு 1881இலேயே கையேடு எழுதினார். பின்னர் இந்தியின் எழுத்தாகத் தேவநாகரி நிலைபெற்றபோது பள்ளிகளிலிருந்து கைத்தி மறைந்தது. அலுவலகங்களிலிருந்தும் மெல்ல மறைந்தது. 2009இல் ஒருங்குறியில் இடம் பெற்றது. ஆனால் ஒருங்குறியில் இடம் பெறுவதும் படிக்கத் தெரிந்த மனிதர் இருப்பதும் வெவ்வேறு.

விடுதலைக்குப் பிறகு 1950ஆம் ஆண்டின் பீகார் நிலச் சீர்திருத்தச் சட்டம் ஜமீன்தாரி முறையை ஒழித்தது. ஜமீன்தார்கள் கொடுத்த கணக்குகளின் அடிப்படையில் அரசு உழவர்கள் பெயரில் ஜமாபந்தி திறந்தது. பிறகு நடந்த மறு அளவை மாநிலம் முழுவதும் நிறைவடையவில்லை. ஆகவே பல ஊர்களில் தாத்தாவின் தந்தை பெயரில் உள்ள கைத்தி ஏடே இன்றும் அடிப்படை ஆவணம். இடையில் நடந்த வாய்மொழிப் பாகப்பிரிவினைகளும், பத்திரமில்லாத பரிமாற்றங்களும், இறப்புகளும் எந்த ஏட்டிலும் இல்லை.

இந்நிலையில்தான் 2011ஆம் ஆண்டுச் சிறப்பு அளவைச் சட்டத்தின் கீழ் 2024 ஆகஸ்டில் ஏறத்தாழ 45,000 கிராமங்களைக் கருதிப் பெரும் நில அளவை விரிவாக்கப்பட்டது. நிலம் வைத்திருப்போர் தம் நில விவரத்தையும் வம்சாவளியையும் எழுதித்தர வேண்டும்; துணை ஆவணங்களை இணைக்க வேண்டும். தில்லியிலும் பஞ்சாபிலும் கூலி வேலை செய்தவர்கள் விடுப்பெடுத்து ஊருக்கு ஓடினார்கள். ஆவணக் காப்பறைகளின் முன் வரிசைகள் நீண்டன. நகல் கிடைத்தவர்களுக்கு அதன் பிறகே அடுத்த சிக்கல் தெரிந்தது: கையில் இருப்பதைப் படிக்க ஊரில் ஒருவரும் இல்லை. அளக்க வந்த பணியாளருக்கும் தெரியவில்லை. துறை தன் பணியாளர்களுக்குச் சில நாள் கைத்திப் பயிற்சி அளித்தது. காலக்கெடுவும் நீட்டிக்கப்பட்டது. இவை வரவேற்கத் தக்கவை. ஆனால் பயிற்சியின் கால அளவே சிக்கல் எப்படிப் புரிந்துகொள்ளப்பட்டது என்பதைக் காட்டுகிறது: எழுத்து வடிவத்தைக் கற்றால் ஆவணத்தைப் படித்துவிடலாம் என்ற எண்ணம்.

4. படித்தல் என்றால் என்ன?

தமிழ்ச் சுவடி படித்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ஓலையில் புள்ளி இராது. எகர ஏகார வேறுபாடு இராது. ‘கெடு’ என்பதும் ‘கேடு’ என்பதும் ஒரே வடிவில் நிற்கும். ரகரமும் துணைக்காலும் ஒன்றுபோல் இருக்கும். தமிழ் எழுத்தை நன்கறிந்தவரும் சூழலும் மரபும் அறியாமல் சுவடியைப் படிக்க இயலாது. கைத்திக் கையெழுத்தும் அப்படித்தான். குறில் நெடில் இகரங்களையும் உகரங்களையும் எழுதுவோர் பெரும்பாலும் வேறுபடுத்துவதில்லை. சொற்களுக்கிடையே இடைவெளி விடாத கைகள் உண்டு. ஒவ்வொரு எழுத்தருக்கும் தனிச் சுருக்கங்கள் உண்டு.

அதன் பின் கலைச்சொற்கள். ‘பகாஸ்த்’ என்றால் ஜமீன்தார் தம் சொந்தப் பயிரில் வைத்திருந்த நிலம். ‘கைர் மஜ்ரூவா’ என்றால் பயிரிடப்படாத நிலம். அதில் ‘ஆம்’ என்று தொடர்ந்தால் பொதுநிலம், ‘காஸ்’ என்று தொடர்ந்தால் ஜமீன்தாரின் தனி நிலம். எழுத்து கைத்தி, சொல் அரபு பாரசீகம், இலக்கணம் இந்துஸ்தானி, பெயர்கள் போஜ்புரியோ மைதிலியோ. அளவோ பீகா, கட்டா, தூர். இருபது தூர் ஒரு கட்டா, இருபது கட்டா ஒரு பீகா. ஆனால் அளக்கும் கழியின் நீளம் இடத்துக்கு இடம் வேறு. எனவே ஒரு பீகா எவ்வளவு என்பதற்கும் ஊரைக் கேட்க வேண்டும்.

என்னுடன் ஆய்வு செய்யும் பீகார் நண்பர் ஒருவர் தம் குடும்பத்துக் கதியானின் படத்தைக் கைப்பேசியில் காட்டி, ‘மொழியியல் படித்தவர்தானே, படித்துச் சொல்லுங்கள்’ என்றார். எழுத்துகளில் பாதியை அட்டவணை வைத்துக் கூட்டிப் பார்த்தேன். சொற்களில் கால்பங்கும் தேறவில்லை. அவருடைய தந்தையார் ஏற்கெனவே பக்கத்துக்கு இவ்வளவு என்று பணம் கொடுத்து இருவரிடம் படிக்கச் செய்திருந்தார். ஒரு மனைக்கு எதிரே ஒருவர் ‘ஆம்’ என்று படித்தார். மற்றவர் ‘காஸ்’ என்று படித்தார். மை மங்கிய இரண்டெழுத்து. முதல் வாசிப்பு சரியானால் அது பொதுநிலம். மூன்று தலைமுறை உழைப்பும் ஆக்கிரமிப்பு ஆகிவிடும். இரண்டாவது சரியானால், முன்னோர் ஜமீன்தாரிடம் முறையாகப் பெற்றார்கள் என்று வாதிடவாவது வழியுண்டு. இரு வாசிப்பில் எதை இணைப்பது என்று அத்தந்தையார் முடிவு செய்ய வேண்டும். எட்டாம் வகுப்பு வரை தேவநாகரியில் படித்தவர் அவர். இதற்கு என்ன பெயரிடுவது? ஆவணம் அவருடையது அன்று. அரசு எழுதியது, அரசின் காப்பறையில் இருந்தது, அரசின் முத்திரையுடன் நகலாக வந்தது. அதன் பொருளுக்கு மட்டும் அவர் பொறுப்பு.

2019ஆம் ஆண்டின் விதிகளை இந்தப் பின்னணியில் பாருங்கள். ஜமாபந்தி உன் பெயரில் இருந்தால்தான் விற்க முடியும் என்பது கேட்பதற்கு நியாயமாகத் தோன்றும். போலி விற்பனையைத் தடுக்கும் நோக்கமும் அதில் இருந்தது. ஆனால் பெயர் மாற்றப் பணியையும் நில அளவையையும் அரசே முடிக்காமல் வைத்துக்கொண்டு, முடித்த சான்றைக் குடிமகனிடம் கேட்பது எப்படிப் பொருந்தும்? விதி பதிவுச் சட்டத்தின் வரம்பை மீறியது என்பதோடு, பெயர் மாற்றப் பணி நிறைவடையாத உண்மை நிலையையும் உச்ச நீதிமன்றம் கணக்கில் எடுத்தது. தீர்ப்பின் அந்தப் பகுதியே எனக்கு முதன்மையாகப் படுகிறது.

5. வம்சாவளியில் யார் இல்லை?

அளவைக்காகக் கேட்கப்படும் வம்சாவளி தனியே பேச வேண்டியது. வம்சாவளி எழுதும் மரபு நம் நாட்டில் தந்தை வழி மரபு. மகன், அவன் மகன் என்று கோடு இறங்கும். மகள்கள் திருமணத்தோடு நின்றுவிடுவார்கள், அல்லது எழுதப்படவே மாட்டார்கள். 2005ஆம் ஆண்டுத் திருத்தம் இந்துக் கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்கு மகனுக்கு இணையான பிறப்புரிமை தந்தது. தந்தை அத்திருத்தத்துக்கு முன்னரே இறந்திருந்தாலும் அவ்வுரிமை உண்டு என்று 2020இல் வினீதா சர்மா வழக்கு தெளிவாக்கியது. சட்டம் மாறியது, வம்சாவளி என்னும் எழுத்து வகை மாறவில்லை. சகோதரர்கள் நிரப்பித் தரும் படிவத்தில் சகோதரியின் பெயர் விடுபட்டால், அவள் அதை அறிவதற்கே ஆண்டுகள் ஆகும். அறிந்தபின் அவள் வழக்காடுவது வெறும் தாளோடு அன்று, பிறந்த வீட்டோடு. பெயரை விடுவது ஒரு நிமிடம், சேர்ப்பது ஒரு வாழ்நாள் என்ற லால் பிஹாரியின் கணக்கு இங்கும் பொருந்துகிறது.

6. கணினி தீர்த்துவிடுமா?

எல்லாவற்றையும் கணினியில் ஏற்றிவிட்டால் போதும் என்பது நல்லெண்ணம் கொண்ட பலரின் வாதம். இதை எளிதில் தள்ளிவிட முடியாது. கணினிமயமாக்கலால் அலுவலக அலைச்சல் குறைந்திருக்கிறது. கள்ளத்தனமாக ஒரு பக்கத்தைக் கிழிப்பது கடினமாகியிருக்கிறது. ஆனால் தெலங்கானாவின் பட்டறிவை நினைவுகூர வேண்டும். 2017இல் பதிவேடுகளைப் புதுப்பித்து, 2020 அக்டோபரில் ‘தரணி’ தளம் தொடங்கப்பட்டது. பழைய வருவாய் நீதிமன்றங்கள் ஒழிக்கப்பட்டன. பத்திரப்பதிவும் பெயர் மாற்றமும் ஒரே நேரத்தில் முடிந்தன. அது பெரும் வசதி. ஆனால் ஏற்றும்போதே பிழையாக ஏறியவர்களுக்கு மேல்முறையீட்டு வழி இல்லை. உரிமையியல் நீதிமன்றமே கதி. வெள்ளைத்தாளில் எழுதி நிலம் வாங்கிய ‘சாதா பைனாமா’ ஏழைகள் வெளியே நின்றார்கள். தேர்தலில் அது பேசுபொருளானது. 2025இல் ‘பூ பாரதி’ சட்டம் மேல்முறையீட்டைத் திரும்பக் கொண்டுவந்தது. பக்கத்து ஆந்திரத்தில், பதிவேட்டையே இறுதி உரிமையாக்க முனைந்த நில உரிமைச் சட்டம், மக்களின் அச்சத்தால் 2024இல் நீக்கப்பட்டது.

பீகார் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் பிளாக்செயின் போன்ற தொழில்நுட்பத்தை ஆராயுமாறு சட்ட ஆணையத்தைக் கேட்டிருக்கிறது. ஆராயட்டும். எழுதியதை யாரும் பின்னர் மாற்ற முடியாதபடி காப்பது அத்தொழில்நுட்பத்தின் சிறப்பு. ‘காஸ்’ என்பதை ‘ஆம்’ என்று படித்து ஏற்றினால் அந்தப் பிழையையும் அதே உறுதியுடன் அது காக்கும். பீகாரில் கணினிப் பதிவின் பிழைகளைத் திருத்தும் தளத்துக்குப் ‘பரிமார்ஜன்’, அதாவது துடைத்துத் தூய்மையாக்கல், என்று பெயர். 2025 ஆகஸ்ட் 16 முதல் செப்டம்பர் 20 வரை வீடு வீடாக ஜமாபந்தி நகல் கொடுத்துத் திருத்த விண்ணப்பம் பெறும் இயக்கமும் நடந்தது. அரசு வீட்டுக்கு வந்து ஏட்டைக் காட்டியது சரியான திசையில் ஓர் அடி. காட்டியதோடு படித்தும் சொல்லியிருந்தால் முழு அடி.

7. நமக்கும் உரியது

இது பீகாரின் சிக்கல் என்று நாம் ஒதுங்க முடியாது. தமிழ்நாட்டில் 1979 முதல் 1987 வரை நடந்த நில உடைமை மேம்பாட்டுத் திட்டத்தில், யூ.டி.ஆர். என்று ஊரே அறிந்த அத்திட்டத்தில், தவறாக ஏறிய பெயர்களுக்காக இன்றும் கோட்டாட்சியர் அலுவலகங்களில் மனுக்கள் இருக்கின்றன. பத்திரப்பதிவுக்கு முன் மூல ஆவணத்தைக் காட்ட வேண்டும் என்ற நம் 55-ஏ விதியை, பீகார் தீர்ப்புக்கு ஏழு மாதம் முன்னர், 2025 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது. தஞ்சையில் மராத்தியர் காலத்து மோடி எழுத்து ஆவணங்கள் குவிந்திருக்கின்றன. அவற்றைப் படிக்கக்கூடியவர்கள் மிகச் சிலர். ஒரு கோயில் நிலமோ மானியமோ வழக்குக்கு வரும்போது அச்சிலரின் கண்பார்வையே சாட்சி.

8. என்ன செய்யலாம்?

முதலாவது, பழைய எழுத்தில் உள்ள ஆவணத்தின் நகலைத் தரும்போது, சான்றளிக்கப்பட்ட எழுத்துப்பெயர்ப்பையும் இன்றைய மொழியில் பொருளையும் சேர்த்து அரசே கட்டணமின்றித் தர வேண்டும். ஐயமான இடங்களை ஐயம் என்றே குறிக்க வேண்டும். ஊகித்து நிரப்பக் கூடாது. கல்வெட்டுப் பதிப்பில் சிதைந்த எழுத்தை அடைப்புக்குறியிலோ புள்ளியிலோ காட்டுவது நமக்குப் பழக்கமானதுதானே.

இரண்டாவது, ஆட்சேபணைக்கான காலம் அந்த வாசிப்பு உரியவர் கையில் கிடைத்த நாளிலிருந்தே தொடங்க வேண்டும். படிக்க இயலாத அறிவிப்பை அறிவிப்பு என்று கொள்ளக் கூடாது.

மூன்றாவது, பதிவேட்டில் உள்ளது சரி என்ற அனுமானத்தைச் சட்டம் அளிக்கிறது. மறுப்பவர் மெய்ப்பிக்க வேண்டும். இருவேறாகப் படிக்கத்தக்க சொல் ஒன்றில் வழக்குத் தொங்கினால், தலைமுறைகளாக நிலத்தில் இருப்பவருக்குச் சார்பாக அந்த ஐயம் செல்ல வேண்டும். எழுதியவரின் தெளிவின்மை எழுதியவருக்கு எதிராகக் கொள்ளப்படும் என்பது ஒப்பந்தச் சட்டத்தில் பழைய நெறி. இங்கு எழுதியவர் அரசு.

நான்காவது, வம்சாவளிப் படிவத்தில் மகள்களுக்கெனத் தனிப் பத்தி கட்டாயமாக இருக்க வேண்டும். பெயர் இருக்கும் ஒவ்வொரு பெண்ணுக்கும் தனியே அறிவிப்புச் செல்ல வேண்டும்.

இவை செலவு பிடிப்பவை என்ற மறுப்பு வரும். உண்மைதான். ஆனால் இச்செலவு இப்போதும் நடந்துகொண்டுதான் இருக்கிறது. நகல் எடுப்பவர், படிப்பவர், தரகர், வழக்கறிஞர் என ஊர் ஊராக உழவர்கள் தனித்தனியே செலுத்துகிறார்கள். அதே ஏட்டை நூறு குடும்பங்கள் நூறு முறை படிக்கச் செய்து நூறு வாசிப்புகள் பெறுகின்றன. அரசு ஒருமுறை செய்தால் ஒரு வாசிப்பு போதும்.

இறுதியாக என் துறைக்கு ஒரு சொல். இந்தியப் பல்கலைக்கழகங்களின் மொழியியல் துறைகள் அழியும் மொழிகளைப் பற்றி நிறையப் பேசுகின்றன. அழிந்த எழுத்துமுறைகளை மரபுச் சின்னமாக மட்டும் பார்க்கிறோம். கைத்தி ஒரு மரபுச் சின்னம் அன்று. இன்று தொடுக்கப்படும் வழக்கின் சாட்சி அது. கைத்தி, மோடி, மகாஜனி, நிலப் பதிவுப் பாரசீகம் ஆகியவற்றை ஓராண்டுப் பட்டயமாகக் கற்பித்து, மாவட்டத்துக்கு இருவரை நிலையான பணியில் அமர்த்தினால் பல குடும்பங்களின் நிலம் காக்கப்படும். வேலையின்றி நிற்கும் என்னைப் போன்ற சிலருக்கு வேலையும் கிடைக்கும்.

உங்கள் மாவட்டத்தில் படிக்க இயலாத நில ஆவணம் எந்த எழுத்தில் இருக்கிறது, யார் படித்துத் தருகிறார்கள், எவ்வளவு வாங்குகிறார்கள் என்பதைப் பின்னூட்டத்தில் எழுதுங்கள். குடும்பப் பெயரோ மனை எண்ணோ வேண்டாம். மாவட்டமும் எழுத்தின் பெயரும் போதும். மாநிலவாரியாக ஒரு பட்டியல் தொகுக்க எண்ணியிருக்கிறேன்.